மூன்று நிமிடமும் அறுபது நிமிடமும்: சுயாதீன சினிமாவில் ஒரு குணச்சித்திர நடிகையின் தொழில் வாழ்க்கை

"இந்தம்மாவை எங்கேயோ பார்த்திருக்கேனே!" படம் பார்க்கும்போது பக்கத்தில் இருப்பவரிடம் இப்படிக் கேட்காதவர்கள் நம்மில் இருக்க மாட்டார்கள். முகம் நன்றாகத் தெரியும், குரலும் தெரியும், பெயர் மட்டும் நாக்கு நுனியில் நின்றுவிடும். போன படத்தில் நர்ஸாக வந்தார். அதற்கு முன் நாயகியின் அம்மா. ஏதோ ஒரு தொடரில் கன்னியாஸ்திரி. நாம் அவரைப் பத்து முறை பார்த்திருப்போம், ஒருமுறைகூட அவருக்காகப் படம் பார்க்கப் போயிருக்க மாட்டோம்.

இவரைத்தான் தமிழில் குணச்சித்திர நடிகை என்கிறோம். படப்பிடிப்பில் இருப்பவர்கள் 'கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்' என்பார்கள். எனக்குத் தமிழ்ச் சொல்தான் அதிகம் பிடிக்கும். ஒரு மனுஷியின் குணத்தைச் சித்திரமாகத் தீட்டிக் காட்டுபவர் என்று வேலையையே பெயராக்கி வைத்திருக்கிறார்கள். இந்தச் சொல்லைக் கேட்டதும் ரங்காராவ், நாகையா, பண்டரிபாய் என்று நமக்கு ஒரு வரிசை நினைவுக்கு வரும். ஆனால் இந்தக் கட்டுரை அமெரிக்காவைப் பற்றியது. அங்கே சுயாதீன சினிமா என்று ஒன்று தனியாக வளர்ந்திருக்கிறது. அதில் ஒரு குணச்சித்திர நடிகை எப்படி வேலை செய்கிறார், எதில் சம்பாதிக்கிறார், எதற்காக அந்தச் சின்னப் படங்களுக்குப் போகிறார் என்பதை முதன்முறையாகக் கேட்பவர்களுக்காக எழுதுகிறேன். உதாரணத்துக்கு எடுத்துக்கொள்வது ஆன் டவ்ட் என்ற நடிகையை.

முதலில் சுயாதீன சினிமா என்றால் என்ன என்று பார்த்துவிடலாம். டிஸ்னி, யுனிவர்சல், வார்னர் போன்ற பெரிய ஸ்டூடியோக்களின் பணம் இல்லாமல் எடுக்கப்படும் படம் அது. இயக்குநர் தெரிந்தவர்களிடம் கேட்பார், சிறு முதலீட்டாளர்களைப் பிடிப்பார், ஏதாவது நிதியுதவி கிடைக்குமா என்று பார்ப்பார். எடுத்து முடிக்கும்போது பெரும்பாலும் படத்தை வாங்க ஆள் இருக்காது. விற்காத படத்தைக் கையில் வைத்துக்கொண்டுதான் திரைப்பட விழாவுக்குப் போவார்கள். அவற்றில் பெரியது சன்டான்ஸ். யூட்டா மாநிலத்தில் பார்க் சிட்டி என்ற மலையூரில், ஜனவரிப் பனியில், பல ஆண்டுகளாக நடந்துவந்த விழா. அங்கே விநியோகஸ்தர்கள் உட்கார்ந்து பார்த்து, பிடித்தால் வாங்குவார்கள். வாங்கவில்லையென்றால் அந்தப் படத்தை நீங்களும் நானும் பார்க்கவே போவதில்லை.

இப்படிப்பட்ட படத்தில் பெரிய நட்சத்திரத்துக்குச் சம்பளம் கொடுக்க முடியாது. அது ஒரு காரணம். இன்னொரு காரணம் கதையிலேயே இருக்கிறது. ஸ்டூடியோ படத்தில் கல்லாவுக்குப் பின்னால் நின்று நாயகனுக்குச் சில்லறை கொடுக்கும் பெண்ணுக்கு மொத்தமே மூன்று நிமிடம்தான். சுயாதீனப் படம் பல சமயம் அந்தப் பெண்ணின் பின்னாலேயே அவள் வீட்டுக்குப் போகிறது. அவளுக்கு வாடகை பாக்கி எவ்வளவு, அவள் பையன் ஏன் அவளிடம் பேசுவதில்லை, இன்றிரவு அவள் செய்யப்போகும் தவறு என்ன என்று பார்க்கிறது. மூன்று நிமிடப் பெண் அறுபது நிமிடப் பெண்ணாகிறாள்.

இந்த நிமிடக் கணக்கைப் பிடித்துக்கொண்டால் மீதியெல்லாம் புரிந்துவிடும். சுயாதீன சினிமா இந்த நடிகைக்குப் பெரிதாகப் பணம் தருவதில்லை. நிமிடங்களைத் தருகிறது. கேமரா அவர் முகத்தை விட்டு நகராமல் நிற்கும் நேரத்தைத் தருகிறது.

ஐம்பத்தாறு வயது வரை

ஆன் டவ்ட் 1956இல் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ஹோலியோக் நகரத்தில் பிறந்தவர். ஹோலி கிராஸ் கல்லூரியில் மருத்துவப் படிப்புக்குத் தயாராகும் மாணவியாக இருந்தார். டாக்டர் ஆகியிருக்க வேண்டியவர், நடிப்புதான் வேண்டும் என்று சிகாகோவுக்குப் போய் குட்மேன் நாடகப் பள்ளியில் சேர்ந்தார். படிப்பு முடிந்தது. உடன் படித்தவர்களுக்கு வாய்ப்பு வந்துகொண்டிருந்தது. இவர் உணவகத்தில் பரிமாறிக்கொண்டிருந்தார்.

அந்தக் காலத்தைப் பற்றி அவரே பேட்டிகளில் ஒன்று சொல்லியிருக்கிறார். ஒரு நாள் மனம் நொந்து, எனக்கு எப்போதுதான் விடியும் என்று தவித்தபோது, உள்ளுக்குள் ஒரு பதில் கேட்டதாம்: நடக்கும், உனக்கு 56 வயது ஆகும்போது. முப்பதை ஒட்டிய வயதில் ஒரு பெண்ணுக்கு இது ஆறுதலா, தண்டனையா என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் அவர் அதை நம்பினார்.

இடைப்பட்ட காலத்தில் அவர் சும்மா இருக்கவில்லை. சிகாகோவிலும் நியூயார்க்கிலும் மேடை நாடகம். 1993இல் வந்த 'ஃபிலடெல்ஃபியா'வில் டாம் ஹாங்க்ஸின் சகோதரி. 2004இல் 'கார்டன் ஸ்டேட்' படத்தில் நட்டாலி போர்ட்மேனின் அம்மா. 'நத்திங் சேக்ரட்' தொடரில் கன்னியாஸ்திரி. 'ஃப்ரீக்ஸ் அண்ட் கீக்ஸ்' தொடரில் ஒரே அத்தியாயத்தில் வரும் பயங்கரமான அம்மா. அந்த அத்தியாயத்தை என்பிசி தொலைக்காட்சி முதல் சுற்றில் ஒளிபரப்பவே இல்லை. நியூயார்க் நடிகர்கள் எல்லோரையும்போல 'லா அண்ட் ஆர்டர்' வகைத் தொடர்களிலும் தலைகாட்டியிருக்கிறார்.

இந்தப் பட்டியலைப் பார்த்து 'அடேயப்பா, எத்தனை படம்!' என்று தோன்றலாம். நிமிடத்தில் எண்ணிப் பாருங்கள். இருபது வருஷத்து வேலையில் பெரும்பகுதி இரண்டு நிமிடம், நான்கு நிமிடம், ஒரு மருத்துவமனைக் காட்சி, ஒரு சாப்பாட்டு மேசை. ஒரு நல்ல நடிகை தன்னிடம் இருப்பதில் பத்தில் ஒரு பங்கைக்கூட வெளியே எடுக்க இடமில்லாத வேலை.

அப்படியென்றால் சாப்பாடு எங்கிருந்து வருகிறது? பெரும்பாலும் தொலைக்காட்சியிலிருந்து. அமெரிக்காவில் ஒரு தொடரின் அத்தியாயம் மறுஒளிபரப்பாகும்போது நடிகருக்கு ஒரு பங்குத்தொகை வரும். சில சமயம் கணிசமாக, பல சமயம் சில டாலர்களாக. மருத்துவக் காப்பீடும் இந்தத் தொழிலோடு கட்டப்பட்டதுதான். நடிகர் சங்கத்தின் காப்பீட்டுத் திட்டத்தில் இருக்க வேண்டுமானால், பொதுவாக ஓராண்டில் குறிப்பிட்ட தொகையைச் சங்க ஒப்பந்த வேலைகளில் சம்பாதித்திருக்க வேண்டும். 2021இல் அந்த வரம்பு 25,950 டாலராக இருந்தது. மிகச் சிறிய பட்ஜெட் படங்களுக்கென்று சங்கம் வைத்திருக்கும் ஒப்பந்தத்தில், 2010களின் தொடக்கத்தில் ஒரு நாள் சம்பளம் 100 டாலர். வேறு வேறு ஆண்டுகளின் எண்கள்தான், ஆனாலும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வெறும் சின்னப் படங்களில் நடித்து அந்த வரம்பைத் தொட 260 நாள் படப்பிடிப்பு வேண்டும். அப்படி ஒரு வருஷம் எந்த நடிகைக்கும் அமையாது. டவ்டுக்கு மூன்று பிள்ளைகள் வேறு.

ஆக இந்தத் தொழில் ஒரே இடத்தில் நடப்பதில்லை. நாடகத்தில் பழகுகிறார், தொலைக்காட்சியில் சம்பாதிக்கிறார், அந்தச் சம்பாத்தியத்தை வைத்துக்கொண்டு சின்னப் படத்துக்குப் போகிறார். இதில் ஒன்று அறுந்தாலும் மற்றவை ஆட்டம் காணும்.

சாண்ட்ராவின் முகம்

2012 ஜனவரியில் சன்டான்ஸில் திரையிடப்பட்ட படம் 'கம்ப்ளையன்ஸ்'. இயக்குநர் கிரெய்க் ஸோபெல். 2004இல் கென்டக்கி மாநிலத்தில் ஒரு துரித உணவகத்தில் நடந்த உண்மைச் சம்பவத்தை ஒட்டிய கதை. போலீஸ் அதிகாரி என்று சொல்லிக்கொண்டு ஒருவன் உணவகத்துக்கு போன் செய்கிறான். உங்கள் கடையில் வேலை செய்யும் பெண் ஒருத்தி வாடிக்கையாளரின் பணத்தைத் திருடிவிட்டாள், நாங்கள் வரும் வரை அவளைப் பின்னறையில் வைத்துச் சோதனை போடுங்கள் என்கிறான். மேலாளர் சொன்னபடி செய்கிறார். சோதனை படிப்படியாக எங்கெங்கோ போகிறது. மிகவும் கொடுமையான இடத்துக்குப் போகிறது. முதல் திரையிடலிலேயே பார்வையாளர்கள் எழுந்து வெளியேறினார்கள், பின்னர் நடந்த கேள்வி நேரத்தில் கூச்சலும் எழுந்தது.

அந்த மேலாளர் சாண்ட்ராதான் ஆன் டவ்ட். படம் முழுவதும் இருக்கிறார்.

நான் இந்தப் படத்தை இரண்டாவது முறை பார்த்தபோது கதையை விட்டுவிட்டு அவரை மட்டும் கவனித்தேன். நடிப்பைப் புரிந்துகொள்ள நினைப்பவர்கள் இப்படிச் செய்து பாருங்கள் என்று எல்லோரிடமும் சொல்வேன். தொடக்கத்தில், யாரோ குளிர்பதன அறைக் கதவைச் சரியாக மூடாததால் உணவுப்பொருள் கெட்டுப்போயிருக்கிறது. சரக்கு கொண்டுவந்தவன் சாண்ட்ராவைத் திட்டுகிறான். அவள் பதில் சொல்லும் விதத்தில், தனக்கு மேலே இருக்கும் யாராவது தன்னைப் பற்றிக் குறையாக நினைத்துவிடுவார்களோ என்ற பதற்றம் தெரிகிறது. கொஞ்ச நேரம் கழித்து, கடைப் பெண்கள் தங்கள் காதல் விஷயங்களைப் பேசிச் சிரித்துக்கொண்டிருக்கும்போது சாண்ட்ராவும் உள்ளே புகுந்து தன் வருங்காலக் கணவனைப் பற்றி ஒன்று சொல்லிவைக்கிறாள். தானும் இளமையாக, அவர்களில் ஒருத்தியாக இருக்க ஆசை. அவள் நகர்ந்ததும் அந்தப் பெண்கள் சிரிக்கிறார்கள். அது அவள் காதில் விழுகிறது.

கதை இன்னும் தொடங்கவே இல்லை. ஆனால் டவ்ட் எல்லாவற்றையும் விதைத்துவிட்டார். மேலிடத்துக்குப் பயம், கீழே இருப்பவர்களிடம் மதிப்பு வேண்டும் என்ற ஏக்கம், இப்போதுதான் சிரித்த அந்தப் பெண்ணின் மேல் சின்னதாக ஒரு மனத்தாங்கல். இந்த மூன்றும் இருக்கும் நேரத்தில்தான் போன் மணி அடிக்கிறது. மறுமுனையில் பேசுபவன் அவளைப் பாராட்டுகிறான். நீங்கள் நன்றாகக் கையாளுகிறீர்கள் என்கிற தோரணையில் பேசுகிறான். அந்த ஒரு கணத்தில் அவர் முகத்தைப் பாருங்கள். தோள் கொஞ்சம் இறங்குகிறது, கண்ணில் ஒரு வெளிச்சம் வருகிறது. பகல் முழுக்க யாரும் சொல்லாத நல்ல வார்த்தையை யாரோ சொல்லிவிட்டார்கள். அதற்குப் பிறகு அவன் என்ன சொன்னாலும் அவள் செய்வாள் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது, வயிற்றைப் பிசைகிறது.

சாண்ட்ராவை வில்லியாக நடிப்பது சுலபம். முட்டாளாக நடிப்பது இன்னும் சுலபம். டவ்ட் இரண்டையும் செய்யவில்லை. தான் சரியானதைத்தான் செய்கிறோம் என்று நம்பும் ஒரு பெண்ணாக, கடைசிவரை அவள் பக்கத்திலேயே நின்று நடிக்கிறார். நீதிபதி வேலையைப் பார்வையாளருக்கு விட்டுவிடுகிறார். குணச்சித்திரம் என்ற சொல்லுக்கு எனக்குத் தெரிந்து இதைவிடச் சரியான விளக்கம் இல்லை. ஆனால் இந்த வேலைக்கு நேரம் வேண்டும். பயம், ஏக்கம், மனத்தாங்கல் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியே விதைக்க நிமிடங்கள் வேண்டும். 'ஃபிலடெல்ஃபியா'வின் சகோதரிக்கு அந்த நிமிடங்கள் கிடைக்கவில்லை. நடிகை அதே நடிகைதான்.

13,000 டாலர்

படம் வெளியானது. விமர்சகர்கள் டவ்டைக் கொண்டாடினார்கள். அமெரிக்காவின் நேஷனல் போர்டு ஆஃப் ரெவ்யூ அமைப்பு அந்த ஆண்டின் சிறந்த துணை நடிகையாக அவரைத் தேர்ந்தெடுத்தது. அடுத்தது ஆஸ்கர் பரிந்துரை. அங்கேதான் சின்னப் படத்தின் இன்னொரு சிக்கல் தெரிந்தது.

ஆஸ்கருக்கு நல்ல நடிப்பு மட்டும் போதாது, வாக்களிப்பவர்கள் அந்த நடிப்பைப் பார்த்திருக்க வேண்டும். நடிப்புப் பிரிவுகளுக்கான பரிந்துரைகளை ஆஸ்கர் வழங்கும் அகாதெமியில் உறுப்பினராக உள்ள நடிகர்கள்தான் வாக்களித்து முடிவு செய்கிறார்கள். அந்தக் காலத்தில் அவர்கள் வீட்டுக்கு டிவிடி அனுப்ப வேண்டியிருந்தது; பத்திரிகைகளில் விளம்பரம் தர வேண்டும், விருந்துகளில் நடிகையைக் கூட்டிப்போய் அறிமுகப்படுத்த வேண்டும். பெரிய ஸ்டூடியோக்கள் இதற்கென்றே தனிப் பணம் ஒதுக்கும். 'கம்ப்ளையன்ஸ்' போல மிகக் குறைந்த செலவில் எடுத்த படத்துக்கு விநியோகஸ்தரால் அந்தச் செலவைச் செய்ய முடியவில்லை.

டவ்ட் தன் சேமிப்பிலிருந்து எடுத்தார், தெரிந்தவர்களிடம் கடன் வாங்கினார். ஏறத்தாழ 13,000 டாலர் செலவில் டிவிடிகளை வாக்காளர்களுக்கு அனுப்ப ஏற்பாடு செய்தார். அந்தப் படத்தில் நடித்ததற்கு அவருக்குக் கிடைத்தது நாளுக்கு 100 டாலர். சம்பளத்தைப் போலப் பல மடங்கு பணத்தைத் தன் வேலையை நாலு பேர் பார்க்க வேண்டும் என்பதற்காகத் திரும்பக் கொட்டியிருக்கிறார்.

பரிந்துரை கிடைக்கவில்லை. அந்த ஆண்டு அந்தப் பிரிவில் ஆன் ஹாத்வே, சாலி ஃபீல்ட், ஏமி ஆடம்ஸ், ஹெலன் ஹன்ட், ஜாக்கி வீவர் ஆகிய ஐவர் இருந்தார்கள். ஹாத்வே வென்றார். பணம் வீண் என்று சிலர் நினைக்கலாம். நான் அப்படி நினைக்கவில்லை. அந்த டிவிடிகள் போய்ச் சேர்ந்தது ஹாலிவுட்டில் வேலை செய்யும் நடிகர்களின் வீட்டுக்கு. 'எங்கேயோ பார்த்த முகம்' என்பதிலிருந்து 'ஆன் டவ்ட்' என்ற பெயர் வரை உள்ள தூரத்தை அந்தப் பணம் கடந்திருக்கிறது. அப்போது அவருக்கு வயது 56.

அதன் பிறகு நடந்தது வேகமாக நடந்தது. 2014இல் எச்பிஓ தொலைக்காட்சியின் 'தி லெஃப்ட்ஓவர்ஸ்' தொடரில் பேட்டி லெவின் என்ற பாத்திரம். உலகில் திடீரென்று கோடிக்கணக்கான பேர் மறைந்துபோன பிறகு வெள்ளை உடை உடுத்தி, ஓயாமல் சிகரெட் பிடித்து, யாரிடமும் வாய் திறந்து பேசாமல், தாளில் எழுதியே காட்டும் ஒரு கூட்டத்தின் தலைவி. வசனமே இல்லாமல் முதல் சில அத்தியாயங்களில் அவர் நம்மை மிரட்டினார். முதல் பருவத்திலேயே அந்தப் பாத்திரம் இறந்துவிடுகிறது. ஆனால் இரண்டாம் பருவத்தில் கதாநாயகனின் மனப்பிரமையாகத் திரும்பி வந்து, உயிரோடு இருந்ததைவிட அதிகம் பேசினார்! 2017இல் 'தி ஹேண்ட்மெய்ட்ஸ் டேல்' தொடரில், பிள்ளை பெற்றுத்தருவதற்கென்று அடிமைப்படுத்தப்பட்ட பெண்களை அடக்கி ஆளும் ஆன்ட் லிடியா. அதே ஆண்டு தொலைக்காட்சிக்கான எம்மி விருதுகளில் இந்த இரண்டு தொடர்களுக்காகவும் அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டது. லிடியாவுக்காகச் சிறந்த துணை நடிகை விருதை வாங்கினார். வயது 61.

இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சாண்ட்ரா, லிடியா, பிறகு 2018இல் 'ஹெரிடிட்டரி' படத்தில் மகளை இழந்த பெண்ணிடம் அன்பாகப் பேசவரும் ஜோன். மூவருக்கும் ஒரே முகம்தான்: கொஞ்சம் வட்டமான, பக்கத்து வீட்டு அக்காவைப் போன்ற, நம்பத் தோன்றும் முகம். இளவயதில் அந்த முகம் அவரை நர்ஸ், அம்மா, கன்னியாஸ்திரி என்ற பெட்டிக்குள் அடைத்து வைத்திருந்தது. 'கம்ப்ளையன்ஸ்' அந்தப் பெட்டியை உடைத்துவிட்டு வேறொரு முகத்தைத் தேடவில்லை. அதே அன்பான முகம் எவ்வளவு ஆபத்தானதாக ஆக முடியும் என்று காட்டியது. அவருடைய பிந்தைய பாத்திரங்கள் அந்தக் கதவு வழியாகத்தான் உள்ளே வந்தன என்று எனக்குப் படுகிறது. ஆன்ட் லிடியா அந்த அடிமைப் பெண்களைக் கொடுமை செய்யும்போதும் அவர்களைக் காப்பாற்றுகிறோம் என்று மனதார நம்புகிறாள். சாண்ட்ராவின் ரத்த உறவு அவள்.

தனி ஒருவரின் அதிர்ஷ்டம் மட்டுமா?

டவ்ட் மட்டும் என்றால் இதை ஒரு நல்ல கதை என்று விட்டுவிடலாம். இன்னும் இரண்டு பேரைச் சொல்ல வேண்டும்.

மெலிசா லியோ. 1990களில் 'ஹோமிசைட்' தொடரில் துப்பறிவாளராக நடித்தவர். 'ஃப்ரோஸன் ரிவர்' என்ற படம் முதலில் ஒரு குறும்படமாகத்தான் எடுக்கப்பட்டது. இயக்குநர் கோர்ட்னி ஹன்ட் முழுநீளப் படத்துக்குப் பணம் திரட்டும்வரை லியோவும் உடன் நடித்த மிஸ்டி அப்ஹாமும் அந்தப் பாத்திரங்களை விடாமல் காத்திருந்தார்கள். சில ஆண்டுகள். படம் 2008 சன்டான்ஸில் நடுவர்களின் முதன்மைப் பரிசை வென்றது. கனடா எல்லையில், உறைந்த செயின்ட் லாரன்ஸ் ஆற்றின் மேல் காரோட்டி ஆட்களைக் கடத்தும் இரண்டு ஏழைத் தாய்மார்களின் கதை.

அதன் முதல் காட்சியை ஒருமுறை பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். குளிர்காலக் காலை, வீட்டு அங்கியோடு காரில் உட்கார்ந்து ஒரு பெண் சிகரெட் பிடிக்கிறாள். கேமரா அவள் முகத்துக்கு வந்து அங்கேயே தங்குகிறது. ஒப்பனை இல்லை. கண்ணுக்குக் கீழே பை, வாயோரத்தில் கோடுகள், மெல்ல ஒரு கண்ணீர். ஸ்டூடியோ படத்தில் இந்த முகத்துக்கு இத்தனை பக்கத்தில் கேமரா போகாது. போனாலும் வெளிச்சத்தைப் பூசிக் கோடுகளை அழித்துவிடும். இங்கே அந்தக் கோடுகள்தான் கதைச் சுருக்கம். வசனம் வருவதற்கு முன்பே அவள் வாழ்க்கையை வாசித்துவிடுகிறோம். வீட்டில் பிள்ளைகளுக்குக் காலைச் சாப்பாடு பாப்கார்னும் டாங் பானமும் என்று பிறகு தெரியவரும்போது நமக்கு ஆச்சரியமே இல்லை.

லியோவுக்கு அந்தப் படத்துக்காகச் சிறந்த நடிகை பிரிவில் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. இரண்டு ஆண்டு கழித்து வந்த 'தி ஃபைட்டர்' படத்துக்காகத் துணை நடிகை ஆஸ்கரை வாங்கினார். அதற்கு முன் தன் சொந்தச் செலவில் தன் புகைப்படத்தோடு பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தார். ஐம்பது வயதுப் பெண்ணை எந்தப் பத்திரிகையும் அட்டையில் போடாதபோது அவர் தன்னைத்தானே போட்டுக்கொண்டார். அப்போது சிலர் முகம் சுளித்தார்கள். டவ்டின் 13,000 டாலரையும் இதையும் சேர்த்துப் பார்ப்பவர்களுக்கு முகம் சுளிக்க மனம் வராது. கவனம் தானாக வராத இடத்தில் இருப்பவர்கள் அதைக் காசு கொடுத்துத்தான் வாங்க வேண்டியிருக்கிறது.

அடுத்தவர் டேல் டிக்கி. டென்னசி மாநிலத்தின் நாக்ஸ்வில்லைச் சேர்ந்தவர். 2010இல் டெப்ரா கிரானிக் இயக்கிய 'விண்டர்ஸ் போன்' படத்தில் மிசூரி மலைக்காட்டுக் குடும்பம் ஒன்றின் மெரப் என்ற பெண். காணாமல் போன அப்பாவைத் தேடிவரும் பதினேழு வயதுப் பெண்ணாக ஜெனிஃபர் லாரன்ஸ். மெரப் அவளை வாசலிலேயே நிறுத்துகிறாள், குடிக்கச் சூடாக ஒன்றைக் கையில் கொடுக்கிறாள், உள்ளே விட மறுக்கிறாள். விருந்தோம்பலும் மிரட்டலும் ஒரே கையில். பிறகு அவளே அந்தப் பெண்ணை அடித்துத் துவைப்பாள். கடைசியில் இரவோடு இரவாகப் படகில் கூட்டிப்போய் உதவுவதும் அவள்தான். அந்தப் படம் லாரன்ஸை உலகத்துக்கு அறிமுகப்படுத்தியது. டிக்கிக்குச் சுயாதீனப் படங்களுக்கான இண்டிபெண்டன்ட் ஸ்பிரிட் விருதைப் பெற்றுத்தந்தது. அடுத்த சில ஆண்டுகளில் லாரன்ஸ் பெரிய நட்சத்திரமானார். டிக்கி பழையபடி மூன்று நிமிடப் பாத்திரங்களுக்குத் திரும்பினார். ஒரே படம், ஒரே பனிக்காடு, ஆனால் இருபது வயதுக்கு ஒரு பாதை, ஐம்பது வயதுக்கு வேறு பாதை. இது எனக்கு இன்றும் உறுத்துகிறது.

அவருக்கு முழுப் படம் ஒன்று கிடைக்க இன்னும் பன்னிரண்டு வருஷம் ஆனது. 2022இல் வந்த 'எ லவ் சாங்'. ஏரிக்கரையில் சின்ன இழுவை வண்டி வீட்டில், பல வருஷமாகப் பார்க்காத ஒருவருக்காகக் காத்திருக்கும் பெண்ணாக, ஏறக்குறைய ஒவ்வொரு காட்சியிலும் டேல் டிக்கி. காபி போடுகிறாள், நன்னீர் இறால் பிடிக்கிறாள், ரேடியோ முள்ளைத் திருப்பி எந்தப் பாட்டு வருகிறதோ அதைக் கேட்கிறாள். வசனம் மிகக் குறைவு. அறுபது வயது முகத்தை அப்படியே நம்பி ஒரு இளம் இயக்குநர் படமெடுத்திருக்கிறார்.

எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்

புதிதாக வருபவர்களுக்கு 'கம்ப்ளையன்ஸ்' முதல் படமாக வேண்டாம். நல்ல படம், ஆனால் பாலியல் கொடுமை இருக்கிறது, மனம் தயாராக இருக்கும்போது பாருங்கள். 'ஃப்ரோஸன் ரிவர்' அல்லது 'எ லவ் சாங்'கிலிருந்து தொடங்குங்கள். கதை புரிந்த பிறகு இன்னொரு முறை போட்டு, நடிகை பேசாமல் இருக்கும் இடங்களை மட்டும் கவனியுங்கள். மற்றவர் பேசும்போது அவர் என்ன செய்கிறார்? கை எங்கே இருக்கிறது? எதைப் பார்க்காமல் தவிர்க்கிறார்? குணச்சித்திர நடிகையின் வேலையில் பாதி அங்கேதான் நடக்கிறது.

அதற்குப் பிறகு 'மாஸ்' பாருங்கள். தலைப்பு நம் ஊர் அர்த்தத்தில் அல்ல. தேவாலயத்தின் திருப்பலிக்கு ஆங்கிலத்தில் அந்தப் பெயர். 2021 சன்டான்ஸில் வந்தது, ஃபிரான் கிரான்ஸ் இயக்கிய முதல் படம். ஒரு தேவாலயத்தின் பின்னறையில் ஒரு மேசையைச் சுற்றி நான்கு பேர். பள்ளித் துப்பாக்கிச் சூட்டில் பிள்ளையைப் பறிகொடுத்த தம்பதி ஒரு பக்கம். சுட்டுவிட்டுத் தானும் செத்துப்போன பையனின் அப்பாவும் அம்மாவும் மறுபக்கம். அந்த அம்மா லிண்டாதான் ஆன் டவ்ட்.

அவள் பூக்கள் கொண்டுவந்திருக்கிறாள். அதுதான் என்னை முதலில் உடைத்தது. தன் மகன் கொன்ற பிள்ளையின் தாய்க்கு என்ன கொண்டுபோவது? ஒன்றும் கொண்டுபோகாமல் இருப்பது எப்படி? பூக்களை மேசை நடுவில் வைத்தால் எதிரில் இருப்பவர் முகம் மறைகிறது, ஓரமாக வைத்தால் ஒதுக்கியதுபோல் இருக்கிறது. டவ்ட் அந்தச் சங்கடத்தைக் கண்களாலேயே நடத்துகிறார். பிறகு ஒரு மணி நேரத்துக்கும் மேலாக அந்த அறை. மற்ற மூவரும் வெடிக்கிறார்கள், வாதாடுகிறார்கள். லிண்டா பெரும்பாலும் கேட்டுக்கொண்டிருக்கிறாள். தன் பையனை நேசித்ததற்கு மன்னிப்புக் கேட்க வேண்டுமா, கூடாதா என்று தெரியாத ஒரு தாயின் முகம் அது.

பேச்சு முடிந்து எல்லோரும் எழுந்து, விடைபெற்று, வாசலுக்குப் போகிறார்கள். படம் முடிந்தது என்று நாமும் மூச்சு விடுகிறோம். அப்போது லிண்டா தனியாகத் திரும்பி வருகிறாள். இன்னும் ஒன்று சொல்ல வேண்டும் என்கிறாள். மகன் ஒருமுறை தன்னை அடிப்பேன் என்று மிரட்டியதையும், தான் பயந்து கதவைப் பூட்டிக்கொண்டதையும் சொல்கிறாள். அன்றைக்கு அவன் அடிக்கட்டும் என்று விட்டிருக்கலாம், அவன் யார் என்று அப்போதாவது தெரிந்திருக்கும் என்கிறாள். கேமரா அவரை விட்டு எங்கும் போகவில்லை.